காரப்பொடியும் கற்பனையும்

சென்ற மாதம் ராயபுரத்தில் ஒரு நண்பர் வீட்டு மொட்டைமாடியில் நடந்த கூட்டத்தில் ஒரு நாவலின் முதல் மூன்று அத்தியாயங்கள் வாசிக்கப்பட்டன. எழுதியவரும் நண்பர்தான். பெயர் வேண்டாம். வந்திருந்த பதினோரு பேருக்கும் தெரியும். இதைப் படிக்கிற மற்றவர்களுக்கும் ஊகிக்க அதிக நேரம் பிடிக்காது. நாவல் நடப்பது பூமியில் இல்லை. இரண்டு நிலாக்கள் உள்ள ஒரு உலகம். அதில் ஒரு கடல். கடலில் 'சுடரி' என்றொரு பிராணி. இரவில் நீலமாக ஒளிரும், கூட்டம் கூட்டமாகக் கரைக்கு வரும், கதாநாயகி தண்ணீரில் கால் வைத்தால் அவள் பாதங்களைச் சுற்றி வட்டமிடும், அவள் துக்கம் அறிந்து நிறம் மாறும். வாசித்து முடித்ததும் எல்லோரும் சிலாகித்தார்கள். தமிழில் இதுவரை இல்லாத கற்பனை என்றார் ஒருவர். நான் வாயைத் திறக்கவில்லை. திறக்காதது தப்பு என்று பஸ்ஸில் திருவொற்றியூர் திரும்பும்போதே உறுத்த ஆரம்பித்துவிட்டது. நண்பரிடம் தனியாகச் சொல்லியிருக்கலாம். ஆனால் பாராட்டு பொது இடத்தில் நடந்தது. மறுப்பும் பொது இடத்தில் இருப்பதுதான் நியாயம்.

என் ஆட்சேபம் என்ன? சுடரி என்ன தின்கிறது என்று நாவலில் இல்லை. எது அதைத் தின்கிறது என்றும் இல்லை. ஏன் ஒளிர்கிறது என்பதற்குக் கதாநாயகியின் மனநிலையைத் தவிர வேறு காரணம் இல்லை. அந்தக் கரையில் யாராவது மீன் பிடிக்கிறார்களா, பிடித்தால் வலையில் சுடரி சிக்குமா, சிக்கினால் அதை விற்பார்களா அல்லது சனியன் என்று உதறிப் போடுவார்களா, தெரியாது. இரண்டு நிலாக்கள் இருக்கின்றன. ஆனால் கடலின் ஏற்றவற்றம் ஒரு நிலாக் கடலுக்கு உள்ளதைவிட ஒரு அங்குலம்கூட மாறவில்லை. இரண்டு நிலாவும் சேர்ந்து இழுக்கிற நாளில் கரையோரக் குடிசைகள் என்ன ஆகும் என்று நண்பருக்கு ஒரு கணம்கூட யோசனை போகவில்லை. குடிசையே இல்லையே, எங்கே போகும்?

இதைக் கேட்டால் உடனே வரும் பதில் எனக்குத் தெரியும். 'நீ வங்கிக் குமாஸ்தா, கணக்குக் கேட்கிறாய். வடசென்னைக்காரன், புகையும் கரியும் இருந்தால்தான் உனக்கு இலக்கியம். கற்பனைக்கு ரசீது கிடையாது.' சரி. நான் யதார்த்தவாதத்துக்கு வக்காலத்து வாங்க வரவில்லை. எண்ணூர் என்றாலே ஒரு புகைபோக்கியையும் இருமுகிற கிழவரையும் நிறுத்திவிட்டு முஷ்டியை உயர்த்தும் கவிதைகள் நம்மிடம் தாராளமாக இருக்கின்றன. அவற்றை எழுதியவர்களுக்கும் சுடரியை எழுதியவருக்கும் அடிப்படையில் வித்தியாசம் இல்லை என்பதே என் கட்சி. முன்னவர்களுக்குப் புகை என்பது கோபத்தின் குறியீடு. பின்னவருக்கு ஒளி என்பது அழகின் குறியீடு. இரண்டு பேருமே பொருளைப் பார்க்கவில்லை. அதில் ஏற்ற வேண்டிய அர்த்தத்தை வீட்டிலேயே தயாரித்து எடுத்துக்கொண்டு வருகிறார்கள்.

பொருள் என்று நான் சொல்வதை ஒரு மீனை வைத்தே சொல்கிறேன். காரப்பொடி. தெற்கே காரல் என்பார்கள். காசிமேட்டில் கூறு கட்டி விற்பார்கள், வஞ்சிரமும் வவ்வாலும் வாங்க முடியாதவர்கள் வாங்குவது, மிஞ்சினால் கருவாடு. வெள்ளித்தகடு மாதிரி தட்டையாக, முள் அதிகமாக, கையில் வழுவழுப்பாக இருக்கும். நம்மில் பாதிப்பேர் இதைத் தின்று வளர்ந்தவர்கள். இந்த மீன் ஒளிரும் மீன். இதன் தொண்டைக்குழாயைச் சுற்றி வளையம்போல் ஒரு உறுப்பு. அதற்குள் ஒளிவிடும் பாக்டீரியாக்கள் குடியிருக்கின்றன. மீன் அவற்றுக்குச் சோறு போடுகிறது. அவை மீனுக்கு வெளிச்சம் போடுகின்றன. அந்த வெளிச்சம் காற்றுப்பையின் வெள்ளிப் பூச்சில் பட்டுத் திரும்பி, வயிற்றுப்புறம் கசிந்து பரவுகிறது. எதற்கு? பகலில் மேலிருந்து விழும் வெயிலுக்குக் குறுக்கே போகிற மீன், கீழேயிருந்து பார்க்கிற பகைக்கு நிழலாகத் தெரியும். வயிற்றில் அதே அளவு வெளிச்சம் இருந்தால் நிழல் அழிந்துவிடும். அதாவது இந்த மீன் மறைந்துகொள்வதற்காக ஒளிர்கிறது. சில இனங்களில் ஆணின் ஒளியுறுப்பு பெண்ணுடையதைவிடப் பெரிது. துணையை அழைக்கவும் அதை மினுக்குகிறது.

இப்போது கேட்கிறேன். துக்கம் அறிந்து நிறம் மாறுகிற பிராணி பெரிய கற்பனையா, ஒளியை உடுத்திக்கொண்டு தன்னை இல்லாமல் ஆக்கிக்கொள்கிற மீன் பெரிய கற்பனையா? இரண்டாவதை யாரும் கற்பனை செய்யவில்லை, அது காசிமேட்டில் கூடையில் கிடக்கிறது என்பீர்கள். அதுவேதான் என் வாதமும். நண்பர் இரண்டு நிலா தாண்டிப் போய்க் கொண்டுவந்தது, அவர் வீட்டுப் பூனை தின்று மிச்சம் வைத்ததைவிட எளிமையானது, மொண்ணையானது.

எனக்குப் பத்து வயது இருக்கும். மின்வெட்டு இரவு. முற்றத்தில் மண்சட்டியில் மறுநாளைக்கென்று வைத்திருந்த மீன் மங்கலாக வெளிச்சம் விட்டுக்கொண்டிருந்தது. தின்னும் மீன், சட்டிக்குள், இருட்டில். நான் கூப்பிட்டு ஆயா வந்து பார்த்தாள். ஆச்சரியப்படவில்லை. தொடாதே என்று சொல்லி, பூனைக்குக்கூடப் போடாமல் சட்டியோடு கொண்டுபோய்க் கொட்டிவிட்டு வந்து கையைச் சாம்பல் போட்டுக் கழுவினாள். அந்த ஒளிக்கு நான் கொடுத்த விலை அடுத்த நாள் குழம்பு. ஒளிரும் பிராணியைப் பற்றி யார் எழுதினாலும் எனக்கு அந்தச் சட்டி ஞாபகம் வருகிறது. அந்தக் கையலம்பலுக்கு இடம் இல்லாத எந்த அற்புதத்தையும் என்னால் நம்ப முடிவதில்லை.

*

இனிக் கவிதைக்கு வருகிறேன். 2019 ஆகஸ்ட் 18 இரவு பெசன்ட் நகர், திருவான்மியூர், கிழக்குக் கடற்கரைச் சாலைப் பக்கம் அலைகள் நீலமாக ஒளிர்ந்தன. ஜனம் காரில் போய்ப் பார்த்தது. 2024 அக்டோபரில் மறுபடியும். இரண்டு முறையும் மறுநாள் காலையிலிருந்து கவிதைகள். கடல் நட்சத்திரங்களை விழுங்கியது, வானம் கீழே இறங்கியது, காதலியின் கொலுசு, கிருஷ்ணனின் நிறம். படிமம் என்ற பெயரில் ஜிகினா. கவிதைக்கு நாற்பது வருஷமாகக் கற்றுக்கொண்டதெல்லாம் ஒரே இரவில் மறந்துபோயிற்று.

ஒளிர்ந்தது என்ன? நாக்டிலூகா. ஒற்றைச் செல் உயிர். ஆனால் சிலசமயம் கண்ணுக்குத் தெரிகிற அளவு, கடுகில் பாதி. அலை அடித்தாலும், கை பட்டாலும், துடுப்பு பட்டாலும், சீண்டப்பட்ட கணத்தில் மட்டும் ஒளிர்கிறது. அதுவும் ஒரு விநாடியில் பத்தில் ஒரு பங்குக்கும் குறைவான நேரம். ஏன் என்பதற்கு விஞ்ஞானிகள் சொல்லும் காரணங்களில் ஒன்று இது: தன்னைத் தின்ன வருகிற சிறு பூச்சியின்மேல் வெளிச்சம் போட்டு, அந்தப் பூச்சியைத் தின்னும் மீனை வரவழைக்கிறது. திருடன் வந்தால் ஊரைக் கூட்டுகிற மாதிரி. கொலுசு இல்லை, கூக்குரல்.

இன்னொன்று. அது தண்ணீரில் மிதப்பதற்குத் தன் உடம்புக்குள் அமோனியம் உப்பைத் தேக்கி வைத்திருக்கிறது. கோடிக்கணக்கில் பெருகிச் செத்து உடையும்போது அமோனியா தண்ணீரில் கலக்கிறது, அழுகும்போது தண்ணீரின் பிராணவாயு தீர்கிறது, மீன்கள் சாகின்றன. பெசன்ட் நகர் ஒளிர்ந்த அதே 2019-ல், அடுத்த மாதம், மண்டபம் பக்கம் கடல் பச்சையாகி மீன்கள் செத்து ஒதுங்கியதற்கும் இதே உயிர்தான் காரணம். இரவில் நீலம், பகலில் பச்சை. சாக்கடையும் வயல் உரமும் கடலுக்குக் கொண்டுபோகும் சத்தில் நுண்தாவரங்கள் கொழுக்கின்றன. அவற்றைத் தின்று இது கொழுக்கிறது. அந்த இரவில் நம் கவிஞர்கள் வானம் இறங்கியதாக எழுதிய இடத்தில் இறங்கியிருப்பது இந்த நகரத்தின் கழிவாகவும் இருக்கலாம்.

இதையெல்லாம் கவிதையில் பாடமாக ஒப்பிக்கச் சொல்கிறேனா? இல்லை. 1953-ல் மண்டபத்தில் வேலை பார்த்த ரகு பிரசாத் என்ற விஞ்ஞானி, பாக் விரிகுடாவில் நாக்டிலூகா பெருகுவதையும் அது சூடை மீன்பிடிப்பைப் பாதிப்பதையும் பற்றி ஆங்கிலத்தில் ஒரு கட்டுரை எழுதினார். கட்டுரையின் தலைப்பிலேயே 'சூடை' என்ற நம் சொல்லை அப்படியே போட்டார். மீன் பிடிக்கிறவனுக்கு என்ன ஆயிற்று என்று கேட்காமல் அந்த ஒளியைப் பற்றி எழுத முடியாது என்று அந்த விஞ்ஞானிக்குத் தெரிந்திருக்கிறது. தமிழிலேயே எழுதும் நம் கவிஞர்களுக்குச் சூடை என்ற சொல் தேவைப்படவில்லை. நெய்தல் பாடிய பழம்புலவர்கள் சுறாவும் இறாவும் அயிலையும் பெயர் சொல்லிப் பாடினார்கள். இவர்கள் கடலில் 'மீன்' என்று ஒரே ஒரு மீன்தான் இருக்கிறது.

*

மேற்கை மேற்கோள் காட்டினால்தான் நம்மவர்களுக்கு நம்பிக்கை வரும் என்பதால், பி.ஏ. ஆங்கிலத்தில் படித்ததையும் எடுத்து வைக்கிறேன். கோல்ரிட்ஜின் கிழட்டு மாலுமி 1798-ல் வெளிவந்தது. ஆவிகளும் பேய்க்கப்பலும் நிறைந்த கவிதை. அதன் திருப்புமுனை எது? அழுகும் கடலின் நடுவில், கப்பலின் நிழலில் நீர்ப்பாம்புகள் ஒளித்தடம் போட்டு நீந்துவதை மாலுமி பார்க்கிறான். அவனையறியாமல் அவற்றை ஆசீர்வதிக்கிறான். கழுத்தில் தொங்கிய பறவையின் பிணம் அறுந்து விழுகிறது. இதை எழுதும்போது கோல்ரிட்ஜ் பெருங்கடல் பயணம் செய்தவர் அல்ல. ஆனால் கடலோடிகளின் குறிப்புகளையும், அழுகும் பொருள்கள் ஒளிவிடுவது பற்றி ப்ரீஸ்ட்லி எழுதியதையும் எவ்வளவு ஊன்றிப் படித்திருந்தார் என்று லோவெஸ் என்ற அமெரிக்கப் பேராசிரியர் 1927-ல் ஒரு பெரிய புத்தகமே எழுதி நிறுவினார். அழுகலும் அழகும் அந்தக் கவிதையில் ஒரே தண்ணீரில் இருக்கின்றன. அதனால்தான் அந்த ஆசீர்வாதத்துக்கு அர்த்தம் உண்டு. கண்டவுடன் பிடித்துப்போகிற பிராணியை ஆசீர்வதிக்க யாருக்கும் மனமாற்றம் தேவையில்லை.

அதே கோல்ரிட்ஜ் 1817-ல் கற்பனையையும் ஃபான்ஸியையும் பிரித்துக் காட்டினார். ஃபான்ஸி என்பது ஏற்கெனவே செய்து கிடக்கும் துண்டுகளை இடம் மாற்றி வைப்பது. கற்பனை என்பது உருக்கி மறுபடி வார்ப்பது. நம் ஊரில் இதற்கு விளக்கமே தேவையில்லை. எம்.சி. ரோட்டில் ஃபான்ஸி ஸ்டோருக்குள் போனால் வளையல், ரிப்பன், பொட்டு, ஜிகினாத்தாள் கிடைக்கும். சுடரி அங்கே வாங்கியது. நீல ஒளி ஒரு ஹாலிவுட் படத்திலிருந்து, துக்கம் அறியும் குணம் வீட்டு நாயிடமிருந்து, பெயர் மட்டும் தமிழ் அகராதியிலிருந்து.

ஜூல் வெர்னும் ஃபான்டஸிதான் எழுதினார். 1870-ல் வந்த அவருடைய கடலடி நாவலில் நீர்மூழ்கிக் கப்பல் நம் வங்காள விரிகுடாவுக்கே வருகிறது. கங்கை அடித்துக்கொண்டு வந்த பிணங்கள் மிதக்கின்றன. அதே நாள் இரவு கடல் பாலாக வெளுத்து ஒளிர்கிறது. பேராசிரியர் பாத்திரம், இது மயிரிழை அளவுள்ள நுண்ணுயிர்களின் வேலை என்று வேலைக்காரனுக்குக் கணக்குச் சொல்கிறது. நம் கடலைக் கண்ணால் பார்க்காத ஒரு பிரெஞ்சுக்காரர் பிணத்தையும் ஒளியையும் ஒரே அத்தியாயத்தில் வைத்தார். கரையில் பிறந்த நாம் பிணத்தை நீக்கிவிட்டு ஒளியை மட்டும் எடுத்துக்கொண்டு இரண்டு நிலாக்களுக்கு அடியில் ஒளித்து வைக்கிறோம்.

தமிழிலேயே உதாரணம் வேண்டுமா? புதுமைப்பித்தன் கடவுளைப் பூலோகத்துக்கு இறக்கியபோது எங்கே இறக்கினார்? பிராட்வேயும் எஸ்பிளனேடும் கூடுகிற முனையில். கடவுள் கேட்டது திருவல்லிக்கேணிக்கு வழி. அந்தத் தெருமுனை அத்தனை நிஜமாக இருந்ததால்தான் கடவுள் அங்கே நிற்க முடிந்தது. நண்பரின் உலகத்தில் ஒரு தெருமுனை கிடையாது. நிற்க இடமில்லாமல் எல்லாமே மிதக்கின்றன.

*

கடைசியாக, இதில் எனக்கு என்ன இவ்வளவு ஆத்திரம் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

நம் கவிதையில் கடற்கரை என்று எழுதினால் வாசகன் மனதில் விரிவது மெரினாவின் அகன்ற மணல். அந்த மணல் அவ்வளவும் இயற்கை கொடுத்தது இல்லை. 1870-களின் பிற்பகுதியில் துறைமுகச் சுவர் எழும்பியது. வருஷத்தில் பெரும்பகுதி தெற்கேயிருந்து வடக்கே போகும் மணல் சுவரில் தடைபட்டுத் தெற்கே குவிந்தது. வடக்கே போக வேண்டிய மணல் போகவில்லை. ராயபுரத்திலும் திருவொற்றியூரிலும் கடல் கரையைத் தின்றது. இன்று எங்கள் பக்கம் பல இடங்களில் கரை என்றால் கொட்டி வைத்த கருங்கல். ஒளிரும் அலையைக் கால் நனைத்துப் பார்ப்பதற்கு நீங்கள் நிற்கிற மணலில் ஒரு பங்கு எங்களுடையது. இதை வழக்காகச் சொல்லவில்லை. ஒரு நகரத்தில் அழகு எங்கே குவியும், எங்கே அரிக்கும் என்பதற்கும் ஒரு இயந்திரவியல் உண்டு என்பதற்காகச் சொல்கிறேன். அந்த இயந்திரவியல் தெரியாத கற்பனை தெற்கு நோக்கியே ஒதுங்கும்.

நானும் யோக்கியன் இல்லை. இருபத்திரண்டு வயதில், எண்ணூர் நெடுஞ்சாலையிலிருந்து இரவில் மணலிப் பக்கம் எரியும் தீச்சுவாலையைப் பார்த்து, அதை ஒரு சிவந்த பறவை என்று கவிதை எழுதினேன். இதைப் போன்ற ஒரு பத்திரிகையில் வந்தது. நாலு பேர் கடிதம் எழுதினார்கள். சந்தோஷமாக இருந்தது.

2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு மணலிப் பக்கமிருந்து எண்ணெய் இறங்கி, பக்கிங்காம் கால்வாய் வழியாகக் கொசஸ்தலையில் கலந்து எண்ணூர் முகத்துவாரம் முழுக்கப் படிந்தது. படகு, வலை, அலையாத்திச் செடி எல்லாம் கறுப்பு. மாதக் கடைசியில், 26-ந் தேதி நள்ளிரவில், பெரியகுப்பத்தில் ஒரு உர ஆலையின் கடலடிக் குழாயிலிருந்து அமோனியா கசிந்தது. குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு ஜனங்கள் இருட்டில் ஓடினார்கள். ஜனவரியில் நான் நகைக்கடன் கவுண்டரில் இருந்தேன். ஒரு அம்மாள் தோடும் மெல்லிய சங்கிலியும் கொண்டுவந்தார். எதுக்கும்மா என்று கேட்டேன். விண்ணப்பத்தில் நோக்கம் என்று ஒரு கட்டம் இருக்கிறது, நிரப்ப வேண்டும். 'வலைக்கு சார்' என்றார். பழைய வலை என்னாச்சு என்றேன். 'எண்ணெ புடிச்ச வலை கழுவுனா போவாது சார். வெட்டிப் போட வேண்டியதுதான்.' அவர் கை நகத்தோரங்களில் இன்னும் கறுப்பு இருந்தது. 'வலை வாங்க' என்று எழுதினேன்.

பத்து வருஷத்துக்கு மேல் இலக்கியத்தில் இருந்து நான் எழுதியதில் ஒரு பொருளை அதன் பொருளாகவே சொன்ன முதல் வாக்கியம் அதுவாகத்தான் இருக்கும். அன்று இரவு என் சிவந்த பறவையை எடுத்துப் படித்துப் பார்த்தேன். அதில் எண்ணெய் இல்லை, வலை இல்லை, அந்தத் தீ எதை எரிக்கிறது என்ற கேள்விகூட இல்லை. சுடரியைக் கேட்டபோது எனக்கு அந்தப் பறவைதான் ஞாபகம் வந்தது. ஆத்திரம் நண்பர்மேல் மட்டும் இல்லை.

நாக்டிலூகாவுக்குள் அமோனியா, பெரியகுப்பத்தில் அமோனியா. இந்த ஒற்றுமையை ஒரு படிமமாக்கிவிடலாம் என்று இதை எழுதும்போதே கை பரபரக்கிறது. செய்யக் கூடாது. இரண்டும் ஒன்று அல்ல. ஒன்று ஒரு உயிர் மிதப்பதற்குச் செய்துகொண்ட ஏற்பாடு; மற்றது ஒரு குழாயின் கசிவு. ஒற்றுமையைக் கண்டவுடன் ஓடிப்போய்க் கட்டிக்கொள்ளாமல், இரண்டையும் தனித்தனியாக எவ்வளவு தூரம் தெரியும் என்று பார்ப்பது விமர்சகனுக்கு மட்டும் அல்ல, கவிஞனுக்கும் வேலை.

நண்பருக்கு என் யோசனை சுருக்கமானது. நாவலை நிறுத்த வேண்டாம். இரண்டு நிலாவும் இருக்கட்டும். ஆனால் சுடரிக்கு ஒரு பசியைக் கொடுங்கள். அதைத் தின்னும் ஒன்றைக் கொடுங்கள். அது வலையில் விழுந்தால் திட்டுகிற ஒருத்தியைக் கொடுங்கள். 'சுடரி' என்ற உங்கள் சொல்லை அவள் உபயோகிக்க மாட்டாள், அவளுக்கென்று வேறு பெயர் இருக்கும், அதைக் கண்டுபிடியுங்கள். அது செத்து ஒதுங்கினால் எப்படி நாறும் என்று ஒரு வரி எழுதுங்கள். அதற்குப் பிறகும் உங்கள் கதாநாயகி தண்ணீரில் கால் வைத்தால் நான் நம்புகிறேன்.

அடுத்த கூட்டத்தில் நாலாவது அத்தியாயம் வாசிக்கப்படும் என்று சொல்லியிருக்கிறார். வருவேன். இந்த முறை வாயை மூடிக்கொண்டு இருக்கமாட்டேன்.